சண்டை மேல் சண்டை என்று ஒரு பெயர்

ஜனவரி 12, 1986, ஞாயிறு

கோபத்தோடு எழுதுகிறேன். எழுத்து கோணல்மாணலாக இருந்தால் அதற்கு என் தம்பி ஒட்முண்ட்தான் பொறுப்பு.

மதியம் அவன் வீட்டில் சாப்பாடு. அவித்த காட் மீன், ஈரல், சினை, உருளைக்கிழங்கு. மூக்குப் பிடிக்கத் தின்றுவிட்டுக் காப்பிக்கு உட்கார்ந்தோம். குழந்தை என் மடியில் இருந்தாள். நவம்பரில் பிறந்தவள். ஞானஸ்நானம் வரைக்கும் பெயரை வெளியே விடுவதில்லை என்பதால் இப்போதைக்கு அவள் வெஸ்லா, சின்னவள். எங்கள் தீவில் பாதிப் பெண்கள் முதலில் வெஸ்லாவாக இருந்தவர்கள்தான்.

தம்பி பெண்டாட்டி யோருன் என் கோப்பையில் காப்பி ஊற்றிக்கொண்டே சொன்னாள். "அண்ணி, ஈஸ்டருக்கு ஞானஸ்நானம் வெச்சிருக்கோம். நீங்கதான் பாப்பாவைத் தூக்கிட்டுப் போகணும்."

தூக்கிக்கொண்டு போகிறவள்தான் ஞானத்தாய். போதகர் கேட்கும்போது ஊர் முன்னால் பெயரைச் சொல்வதும் அவள்தான். நாற்பத்து மூன்று வயதில், கல்யாணம் காட்சி இல்லாத எனக்கு இதைவிடப் பெரிய மரியாதை ஏது?

"பேரும் முடிவு பண்ணியாச்சுக்கா" என்றான் ஒட்முண்ட், வாயெல்லாம் பல்லாக. "குன்ஹில்ட்."

"எந்தக் குன்ஹில்ட்?"

"உன் பேர்தான்க்கா. உன் பேரைத்தான் வைக்கிறோம்."

வைத்தேன் பாருங்கள் கோப்பையை. தட்டு இரண்டாகப் போய்விட்டது. "புத்தி இருக்காடா உனக்கு? பெத்த புள்ளைக்கு எவனாவது இப்படிச் செய்வானா?" என்று கத்திவிட்டேன். குழந்தை அழவில்லை. என் முகத்தை நிமிர்ந்து பார்த்து, அதே அளவு சத்தத்தில் அவளும் கத்தினாள்.

யோருன் முகம் வாடிப்போயிற்று. அதை நினைத்தால்தான் கொஞ்சம் கஷ்டமாக இருக்கிறது. ஆனால் விட மாட்டேன்.

ஜனவரி 13

இன்றும் ஆறவில்லை. நான் வேலை செய்கிற ஃபெரிப் படகில் ஒரு லாரிக்காரன் குறுக்கே நிறுத்தினான். அவனுக்கு நேரம் சரியில்லை.

ஜனவரி 15

ஏன் இவ்வளவு ஆத்திரம் என்று கேப்டன் ரெய்டார் கேட்டார். அவர் மேலே சுக்கான் பிடிக்கிறவர், நான் கீழே வண்டிகளை அடுக்கி ஏற்றுகிறவள். பன்னிரண்டு வருஷமாக ஒரே படகு. என்னவென்று சொல்ல?

என் பெயர் என்னுடையதே இல்லை. அப்பாவின் அத்தை ஒருத்தி இருந்தாள், குன்ஹில்ட். தீவு முழுக்க அவளோடு சண்டை போடாத ஆளே கிடையாது. மீன் வியாபாரியோடு சண்டை, பெரிய போதகரோடு சண்டை, வேலி தாண்டிய ஆட்டோடும் சண்டை. நான் அம்மா வயிற்றில் இருக்கும்போது செத்தாள். செத்தும் விடவில்லை. அம்மாவின் கனவில் வந்து கட்டில் ஓரமாக உட்கார்ந்துகொண்டாளாம். வயிற்றுப்பிள்ளைக்காரி கனவில் செத்தவர்கள் வந்தால் பெயர் கேட்டு வந்திருக்கிறார்கள் என்று அர்த்தம். கொடுக்காவிட்டால் போக மாட்டார்கள். அம்மா எனக்கு ஆன்-லிஸ் என்று ஆசையாக வைத்திருந்தாள். ஆன்-லிஸ் போயிற்று, குன்ஹில்ட் வந்தது.

அன்றிலிருந்து நான் வாயைத் திறந்தாலே போதும். "அப்படியே கிழவிதான்", "பேரு சும்மா போகுமா?" பள்ளிக்கூடத்தில் பக்கத்து பெஞ்சு பெரிட் தும்மினால் தும்மல். நான் தும்மினால் பீரங்கி. என்னுடைய கோபங்கள்கூட எனக்குச் சொந்தமாக இல்லை, எல்லாவற்றுக்கும் அந்தக் கிழவிக்குத்தான் பெயர்.

இந்தச் சின்னவளாவது அவளுடைய கோபத்தை அவளே படட்டும்.

ஜனவரி 19, ஞாயிறு

சமாதானமாகப் போனேன். உடைந்த தட்டுக்குப் பதில் ஆறு தட்டு வாங்கிக்கொண்டு.

யோருன் நல்ல பெண். "சரி அண்ணி, உங்களுக்குப் பிடிக்கலைன்னா வேற பாப்போம். நீங்களே சொல்லுங்க" என்றாள். ஃப்ரீட் என்று சொல்லிப் பார்த்தேன். சமாதானம் என்று அர்த்தம், எல்லோருக்கும் தெரியும். அந்த நேரம் பார்த்துத் தொட்டிலிலிருந்து ஒரு கூச்சல், ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது.

"இந்தத் தொண்டைக்கு சமாதானம்னு பேரா? ஊரு சிரிக்கும்க்கா" என்றான் ஒட்முண்ட்.

"ஊரு சிரிக்கிறது எனக்கு ஒண்ணும் புதுசு இல்லடா."

"அதான் சொல்றேன். பழகின பேராவே வெச்சிடுவோம்."

தட்டுகளைத் திருப்பி எடுத்துக்கொண்டு வந்திருக்க வேண்டும்.

ஜனவரி 26, ஞாயிறு

போதகர் ஸ்டைனார் மாதம் இரண்டு முறை எங்கள் ஃபெரியில்தான் தீவுக்கு ஆராதனை நடத்த வருகிறார். தெற்கத்திக்காரர், சின்ன வயசு, அலை கொஞ்சம் தூக்கினாலே முகம் வெளுத்துவிடும். பழைய மொழியெல்லாம் படித்தவர் என்று கேள்வி. இன்று பிடித்துக்கொண்டேன்.

"டாக்னின்னா என்ன அர்த்தம்?"

"புதிய நாள்" என்றார் கம்பியைப் பிடித்துக்கொண்டே. "நல்ல பேர். யாருக்கு?"

"சும்மா கேட்டேன். குன்ஹில்டுக்கு?"

தயங்கினார். "முதல் பாதி... சண்டை."

"ரெண்டாவது பாதி?"

"அதுவும் சண்டைதாங்க."

"என்னது, ரெண்டு தடவையா?"

"ஒரு தடவை சொன்னா கேக்க மாட்டாங்கன்னு நெனச்சிருப்பாங்க" என்றார். சொல்லிவிட்டு அவரே பயந்துபோய்ப் படி ஏறி மேலே போய்விட்டார்.

சிரித்தேன், என்ன செய்ய. சண்டை மேல் சண்டை. நாற்பத்து மூன்று வருஷமாக நெற்றியில் ஒட்டிக்கொண்டு திரிந்திருக்கிறேன், ஒருத்தரும் சொல்லவில்லை.

ஆனால் டாக்னி! புதிய நாள். எங்கள் தீவில் இதுவரை ஒருத்திக்கும் அந்தப் பெயர் கிடையாது. யாரும் போட்டுப் பழசாக்காத உடுப்பு மாதிரி.

பிப்ரவரி 2, ஞாயிறு

வெற்றி! யோருன் சம்மதித்துவிட்டாள். தொட்டிலுக்குக் குனிந்து, "டாக்னி" என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். இன்னொரு தடவை சொன்னாள். முகம் மலர்ந்துவிட்டது. "நல்லாத்தான் இருக்கு அண்ணி. வாயில கரையுது."

ஒட்முண்ட் மட்டும் உதட்டைப் பிதுக்கினான். "நல்ல பேருதான். என்ன, வீட்டுக்கு யாரோ விருந்தாளி வந்த மாதிரி இருக்கு."

"போகப்போகப் பழகிடும்டா."

மூன்று பேரைத் தவிர யாருக்கும் தெரியாது. போதகருக்கு மட்டும் ஈஸ்டருக்கு முன்னால் எழுதிக் கொடுத்தால் போதும்.

பிப்ரவரி 4

படகில் நாள் முழுக்கப் பாட்டுப் பாடிக்கொண்டிருந்தேனாம். மீன் பெட்டிகள் பயந்துவிடும் என்றார் ரெய்டார்.

பிப்ரவரி 9, ஞாயிறு

நோன்புக்கு முந்தின ஞாயிறு, ஊர் முழுக்கப் பாலேடு வைத்த பன். யோருனும் ஒட்முண்டும் எதிர்க்கரையில் ஒரு பிறந்தநாளுக்குப் போனார்கள். சின்னவள் என்னிடம்.

இப்படி ஒரு பிள்ளையை நான் பார்த்ததில்லை. புட்டியைக் காட்டினேன், தட்டிவிட்டாள். மறுபடி காட்டினேன், மறுபடி தட்டினாள். மூன்றாம் தடவை என் கையோடு சேர்த்துப் புட்டியைத் தானே இழுத்து, எனக்கு ஒத்தாசை செய்கிற மாதிரி குடித்தாள். முடிவு அவளுடையதாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் விஷயம்! பிறகு என் பன்னுக்குள் முஷ்டியை விட்டுப் பாலேட்டை முகமெல்லாம் பூசிக்கொண்டு, ஜெயித்தவள் மாதிரி என்னைப் பார்த்தாள்.

"டாக்னி, டாக்னிக்குட்டி" என்று கொஞ்சினேன். சட்டை செய்யவில்லை.

அழுத பிள்ளை பால் குடிக்கும் என்பார்கள். இது அழுகிற ரகம் இல்லை, அதட்டுகிற ரகம். எனக்கு இவளை அவ்வளவு பிடித்திருக்கிறது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் இங்கே யார் படிக்கப் போகிறார்கள்? உயிரையே விடுவேன்.

பிப்ரவரி 14

மேற்குக் காற்று. மதியம் நடுக்கடலில் ஒரு பால் வண்டியின் சக்கரத்துக்கு அடியில் வைத்த கட்டை நழுவி, பின்னால் இருந்த காரை நோக்கி வண்டி நகர ஆரம்பித்தது. காருக்குள் ஒரு பெண்ணும் பிள்ளைகளும். பால் வண்டிக்காரன் காப்பி குடிக்க மேலே போயிருந்தான். போட்டேன் ஒரு சத்தம். அந்தப் பெண் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு இறங்கினாள், பால்காரன் படியில் உருண்டே வந்தான், நான் கட்டையை அடித்துத் திருப்பிப் பொருத்தினேன். ஒரு கீறல்கூட யாருக்கும் இல்லை.

கரை சேர்ந்ததும் ரெய்டார் கீழே இறங்கி வந்தார். "மேல என் காதுக்கே கேட்டுச்சு. இஞ்சின் சத்தத்தைத் தாண்டி. ஆன்-லிஸ்னு ஒருத்தி இருந்திருந்தா இன்னைக்கு என்ன ஆயிருக்கும்?"

"ஆன்-லிஸும் கத்தியிருப்பா."

"கத்தியிருப்பா. எவன் கேட்டிருப்பான்?"

காரில் இருந்த பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

பிப்ரவரி 23, ஞாயிறு

ஒரு கனவு. நான் துறையில் வண்டி ஏற்றிக்கொண்டிருக்கிறேன். வரிசையின் கடைசியில் ஒரு கிழவி, கறுப்புச் சால்வை, இடுப்பில் கை. அப்பா வீட்டுச் சுவரில் தொங்கும் படத்தில் இருக்கிற அப்பாவின் அத்தைதான். "இடம் இல்லை, அடுத்த நடைக்கு வாங்க" என்று, வண்டிகள் ஏறுகிற பாலத்தைத் தூக்கிவிட்டேன்.

இராத்திரி சாப்பிட்ட ஆட்டிறைச்சி சரியில்லை.

பிப்ரவரி 28

மறுபடி வந்தாள். மறுபடி இடம் இல்லை என்றேன். நான் ஆட்டிறைச்சி சாப்பிடவும் இல்லை.

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல் ரெய்டாரிடம் சொல்லித் தொலைத்தேன். மனுஷன் சுக்கானை விட்டுவிட்டுச் சிரிக்கிறார். "பேரு கேட்டு வந்திருக்கா! அது வயித்துல புள்ள இருக்கிறவளுக்குத்தானே வரணும்? என்ன குன்ஹில்ட், எங்ககிட்ட ஏதாவது சொல்லணுமா?"

"வாயை மூடுங்க கேப்டன்."

"தொட்டில் செய்யணும்னா சொல்லு, பலகை கெடக்குது."

மாலைக்குள் படகு முழுக்கப் பரவிவிட்டது. இயந்திர அறைப் பையன்கள் எனக்கு உட்கார நாற்காலி கொண்டுவந்து போட்டார்கள். ஒருவன் முதுகுக்குத் தலையணையும் வைத்தான்.

யோருன் காதுக்கு மட்டும் போகக் கூடாது.

மார்ச் 9, ஞாயிறு

வேலை இல்லாத நாள். ஆனாலும் துறைக்கு நடந்தேன். வெயில் அடித்தது, பனி உருகிக் கூரையெல்லாம் சொட்டிக்கொண்டிருந்தது.

கிழவியின் கதைகளிலேயே ஊர் அதிகமாகச் சிரிக்கிற கதை ஒன்று உண்டு. கப்பல் துறையை வடக்கு முனையில், பெரிய வியாபாரி வீட்டு வாசலில் கட்டுவதாக முடிவாகியிருந்தது. தெற்கில் இருக்கிற ஏழைபாழைகள் தீவைச் சுற்றி நடந்துதான் போக வேண்டும். கிழவி தன்னந்தனியாகத் துடுப்புப் போட்டு எதிர்க்கரைக்குப் போய், நகரசபைப் படிக்கட்டில் பின்னலையும் காப்பிப் பானையையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாளாம். உறுப்பினர்கள் அவளைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும். ஒவ்வொருத்தருக்கும் அவருடைய அம்மா பெயரைச் சொல்லித் திட்டு. கடைசியில் அவள் தொல்லை தாங்காமல் துறையைத் தெற்குக்கு மாற்றினார்கள். இந்தக் கதையைச் சொல்லிச் சொல்லித்தான் என்னைப் பள்ளிக்கூடத்தில் அழ வைத்தார்கள்.

இன்று அந்தத் துறையின் மேலே நின்றுகொண்டு யோசித்தேன். இதில்தானே நான் வேலை செய்கிறேன்? பிரசவ வலியோடு யோருனை நவம்பரில் ஏற்றியது இதே இடத்தில்தானே? வடக்கில் இருந்திருந்தால், அந்தப் பனியில், போய்ச் சேர்ந்திருப்பாளா?

இதில் சிரிக்க என்ன இருக்கிறது? யாராவது சொல்லுங்களேன், இதில் சிரிக்க என்னதான் இருக்கிறது?

மார்ச் 16, ஞாயிறு

மூன்றாவது தடவை. இந்த முறை படகில் ஒரு வண்டிகூட இல்லை. காலி. அவள் மட்டும் துறையில் நிற்கிறாள், அவள் சண்டை போட்டுக் கட்ட வைத்த துறையில். நான் பாலத்தைத் தூக்கிவிட்டேன். இடம் இருந்தும் தூக்கினேன். எழுந்தபோது முகம் ஈரமாக இருந்தது.

மார்ச் 23, குருத்து ஞாயிறு

யோருனிடம் சொல்லிவிடுவது என்று போனேன். பழைய பெயரே இருக்கட்டும், நான் பேசியது தப்பு, இவ்வளவுதான் சொல்ல வேண்டியது.

அடுக்களை வாசலிலேயே நின்றுவிட்டேன். உள்ளே பாட்டுச் சத்தம். "டாக்னி, என் டாக்னி, விடியட்டும் டாக்னி" என்று தானாகக் கட்டின பாட்டு. குழந்தையைத் தோளில் போட்டு ஆட்டிக்கொண்டே பாடுகிறாள். என்னைப் பார்த்துவிட்டு வெட்கப்பட்டாள்.

"முதல்ல மனசே ஒட்டலை அண்ணி. நீங்க சொன்னீங்களேன்னு தினம் காதுல சொல்லிச் சொல்லிப் பழக்கிக்கிட்டேன். இப்ப வேற பேரை நெனச்சே பாக்க முடியலை. நீங்க மட்டும் அன்னைக்குக் கத்தலைன்னா இந்தப் பேரு கெடைச்சிருக்குமா?"

என்ன சொல்வேன்? பட்டாணிக் கஞ்சி சாப்பிட்டுவிட்டு வந்துவிட்டேன். வாயைத் திறக்காமல் நான் ஒரு வீட்டிலிருந்து திரும்பியது இதுதான் முதல் தடவை.

முடிந்துபோன விஷயம். டாக்னி. அழகான பெயர். அவள் ஆசைப்படுகிறாள், அவள்தான் தாய். குன்ஹில்டே, வாயை மூடிக்கொண்டு இரு.

மார்ச் 30, ஈஸ்டர்

நாளைக்கு. விசேஷத்துக்குப் போடுகிற ஊர் உடுப்பை எடுத்துத் தேய்த்தாயிற்று, வெள்ளிப் பதக்கத்தைத் துலக்கியாயிற்று. குழந்தையின் நீள வெள்ளை அங்கி, அப்பா போட்டது, நான் போட்டது, ஒட்முண்ட் போட்டது, இவள் கைக்கு ஏறவில்லை. அத்தனை புஷ்டி. யோருன் தையலைப் பிரித்துவிட்டிருக்கிறாள்.

கண்ணாடி முன்னால் நின்று சொல்லிப் பார்த்தேன். டாக்னி. டாக்னி. டாக்னி. சரியாக வருகிறது.

மார்ச் 31, திங்கள்

ஐயோ.

உட்கார்ந்து ஒழுங்காக எழுத வேண்டும்.

தேவாலயம் நிறைந்திருந்தது. பெயர் என்ன, பெயர் என்ன என்று இரண்டு மாதமாகக் குடைந்துகொண்டிருந்தவர்கள் எல்லோரும் முன்வரிசைக்கு முண்டியடித்தார்கள். ரெய்டார்கூடக் கழுத்துப்பட்டை கட்டிக்கொண்டு வந்திருந்தார். பெற்றவர்கள் முதல் பெஞ்சில். நான் குழந்தையை ஏந்திக்கொண்டு ஞானஸ்நானத் தொட்டி அருகே போனேன். வழக்கமாக இந்த நேரத்தில் பிள்ளைகள் தூங்கும், இல்லையென்றால் வீறிடும். இவள் இரண்டும் செய்யவில்லை. என் மார்பில் இருந்த வெள்ளிப் பதக்கத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, பிய்த்து எடுக்காமல் விடுவதில்லை என்று முறைத்துக்கொண்டிருந்தாள். முகம் சிவந்து, உதட்டைக் கடித்துக்கொண்டு, அப்படி ஒரு பிடிவாதம். அவளைப் பார்த்தேன். பார்த்துக்கொண்டே இருந்தேன்.

"குழந்தையின் பெயர் என்ன?" என்று போதகர் கேட்டார்.

"குன்ஹில்ட்" என்றேன்.

சொன்னேன் என்றா எழுதினேன்? லாரிகளுக்குப் போடுகிற சத்தம் அது. கூரை வரை போய்த் திரும்பி வந்தது.

போதகர் கையிலிருந்த தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பாவம், பதற்றத்தில் என் பெயரைச் சொல்லிவிட்டேன் என்று நினைத்துவிட்டார். என் பக்கம் குனிந்து, "உங்க பேர் இல்லீங்க. குழந்தை பேரு" என்றார் மெதுவாக.

வழி இருந்தது. அழகான வழி, எல்லோரும் சிரித்துவிட்டு மறந்திருப்பார்கள். டாக்னி என்று ஒரு வார்த்தை.

"தெரியும் போதகரே. குன்ஹில்ட்."

முதல் தடவை என் வாய் சொன்னது. பொய் சொல்லமாட்டேன், இரண்டாவது தடவை சொன்னது நான்தான்.

போதகர் பெற்றவர்களைப் பார்த்தார். ஒட்முண்ட் பெஞ்சை இறுகப் பிடித்துக்கொண்டு, கண்ணெல்லாம் கலங்க, தலையைப் பலமாக ஆட்டினான். யோருன் ஆட்டவும் இல்லை, மறுக்கவும் இல்லை. அவள் முகத்தில் ஒன்றுமே இல்லை. போதகர் தண்ணீரை எடுத்தார். மூன்றாவது கை தண்ணீர் தலையில் விழுந்ததும் குழந்தை பதக்கத்தை விட்டுவிட்டு அவரைப் பார்த்து ஒரு அதட்டல் போட்டாள். தேவாலயமே வெடித்துச் சிரித்தது. "பேரு சும்மா போகுமா!" என்று பின்னாலிருந்து யாரோ சொன்னார்கள்.

முதல் தடவையாக அந்தப் பேச்சு எனக்கு இனித்தது.

பிறகு விருந்து. "வெண்ணெய் திரளும்போது தாழியை உடைச்சிட்டியேக்கா" என்று ஒட்முண்ட் என் காதில் சொன்னான். சொல்லிவிட்டு என்னைக் கட்டிக்கொண்டான். எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். காப்பிப் பானையை எடுக்க அடுக்களைக்குப் போனேன்.

யோருன் தனியாக நின்றுகொண்டு, பாலேட்டுக் கேக்கின் மேலே இருந்த எழுத்துகளைக் கத்தியால் வழித்துக்கொண்டிருந்தாள். சர்க்கரையில் டாக்னி என்று அவளே எழுதியிருக்கிறாள். பாதி வழித்தாயிற்று.

"யோருன்..."

"காப்பி சூடா இருக்கு அண்ணி. பாத்து எடுங்க."

எவ்வளவு மரியாதை. அவள் என்னை நாலு அறை அறைந்திருக்கலாம்.

ஏப்ரல் 1

சின்னவள் பெயர் குன்ஹில்ட் என்று எதிர்க்கரையில் சொன்னால் ஒருத்தரும் நம்பவில்லை. ஏப்ரல் ஒன்றாம் தேதியாம். "எங்களையா முட்டாளாக்கப் பாக்குற?" என்கிறார்கள். கடைசியில் ரெய்டாரே ஒலிபெருக்கியில் அறிவித்தார். கார்களெல்லாம் ஹாரன் அடித்தன.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கேக்குதான் கண்ணில் நிற்கிறது.

ஏப்ரல் 3

போதகர் போன் செய்தார். பதிவேட்டில் இன்னும் ஏற்றவில்லையாம். இரண்டு பெயரும் போடலாம், ஒன்று மட்டும் போடலாம், எது முன்னால் வர வேண்டும், எதை அடிக்க வேண்டும், எல்லாம் தாய் தகப்பன் முடிவு.

"ஒட்முண்ட் என்ன சொல்றான்?"

"யோருன் சொல்றதுதான் தன் முடிவுன்னுட்டார். யோருன் யோசிச்சுச் சொல்றேன்னாங்க."

போனை வைத்தேன். அவள் குன்ஹில்டை அடித்துவிடச் சொன்னால் ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும். பிள்ளை அவளுடையது. தினம் காதில் சொன்னவள் அவள், ஒரு நொடியில் பிடுங்கினவள் நான். போய் நின்று மன்னிப்புக் கேட்கக் கால் எழவில்லையே. லாரிக்கு முன்னால் நிற்கிறவளுக்கு ஒரு சின்னப் பெண் முன்னால் நிற்கப் பயம்.

ஏப்ரல் 5

கிழவி வரவில்லை. படுக்கும்போது வாசலைத் திறந்து வைக்காத குறையாகக் காத்திருந்தேன். அவளுக்கு வேண்டியது கிடைத்துவிட்டது, இனி நான் எதற்கு?

ஏப்ரல் 6, ஞாயிறு

மதிய நடைக்குக் கடைசி ஆளாக யோருன் வந்தாள், குழந்தை வண்டியைத் தள்ளிக்கொண்டு. எதிர்க்கரையில் அவளுக்கு ஒரு வேலையும் கிடையாது என்று எனக்குத் தெரியும். படகு நகர்ந்ததும் என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"ஜனவரியில குன்ஹில்ட்னு பேரு வெக்கணும்னு சொன்னது யாரு?"

"நீ."

"வேண்டாம்னு தட்டை உடைச்சது யாரு?"

"நான்."

"நான் கஷ்டப்பட்டு மனசை மாத்தி இன்னொரு பேருல உசிரை வெச்ச பெறகு, பழைய பேரை சர்ச்சுல நின்னு கத்தினது யாரு?"

"நானேதான் யோருன்."

"ஏன் அண்ணி? அதை மட்டும் சொல்லுங்க. வேற எதுவும் கேக்க மாட்டேன்."

சொன்னேன். கனவு, துறை, பால் வண்டி, பதக்கம், எல்லாம் முன்னும் பின்னுமாக. அப்புறம் எனக்கே தெரியாத ஒன்று வந்து விழுந்தது. "அது என் பேரு. எனக்குப் பிடிச்சிருக்கு. இத்தனை வருஷமா எனக்கே தெரியலை. அவளைக் கையில வெச்சிருக்கும்போது அவளுக்கு அதைவிடக் குறைஞ்ச பேரு எதுவும் குடுக்க மனசு வரலை. ஆனா உன்கிட்ட முன்னாடியே சொல்லியிருக்கணும். நீ பாடிட்டிருந்தே. எனக்கு வாய் வரலை."

"உங்களுக்கா? வாய் வரலையா?"

"சத்தியமா."

அவள் உதடு துடித்தது. அழப்போகிறாள் என்று நினைத்தேன். சிரித்துவிட்டாள். கம்பியைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். "உங்க பேருக்குப் போதகர் சொன்ன அர்த்தம் சரிதான். ரெண்டு சண்டை! வேண்டாம்னு ஒண்ணு, வேணும்னு ஒண்ணு. ஒரே ஆளு, ஒரே பேருக்கு!"

வண்டிக்குள்ளிருந்து ஒரு அதட்டல் வந்தது, என்னை ஏன் மறந்தீர்கள் என்று.

"குன்ஹில்ட் டாக்னின்னு எழுதச் சொல்லிட்டேன்" என்றாள் யோருன் அவளைத் தூக்கி என் கையில் கொடுத்துக்கொண்டே. "ஊருக்குக் குன்ஹில்ட். தூங்க வைக்கும்போது எனக்கு மட்டும் டாக்னி. அந்தப் பாட்டை நான் விட மாட்டேன்."

"விடாதே. யாரு விடச் சொன்னா?"

"தண்டனையும் உண்டு. சனிக்கிழமை தோறும் இவ உங்க வீட்டுல. நானும் ஒட்முண்டும் ஆடப் போறோம், படம் பாக்கப் போறோம், தூங்கக்கூடப் போவோம்."

"எவ்வளவு நாளைக்கு?"

"இவ கல்யாணம் வரைக்கும்."

எதிர்க்கரையில் பாலத்தை இறக்க மறந்துவிட்டேன். ரெய்டார் மேலிருந்து கூவினார், கார்கள் கூவின. இறக்கினேன். யோருன் இறங்கவே இல்லை, எங்களோடேயே திரும்பி வந்தாள்.

ஜூலை 5, 1987, ஞாயிறு

வெயில். தீவு முழுக்கக் கோடைக்காரர்கள். மூன்று மணி நடை தெற்குத் துறையில் சேரும்போது கரையில் ஒரே கலவரம், யோருன் கத்துகிறாள். "குன்ஹில்ட்! அது அந்தப் பையன் ஐஸ்கிரீம்! திருப்பிக் குடு! குன்ஹில்ட், கேக்குதா இல்லையா?"

கயிற்றைப் போட்டுவிட்டு நிமிர்ந்தேன். என்னைக் கூப்பிடவில்லை.